திரையில் முகம், தமிழில் முறையீடு

2015ஆம் ஆண்டு ஏப்ரல் 8ஆம் நாள் ஜெயகாந்தன் காலமானார். கடலூர் மஞ்சக்குப்பத்தில் 1934இல் பிறந்து, ஐந்தாம் வகுப்போடு பள்ளியை உதறி, பொதுவுடைமைக் கட்சி அலுவலகத்தையே கல்லூரியாகக் கொண்டு எழுத வந்தவர் அவர். 1965இல் தம்முடைய 'உன்னைப்போல் ஒருவன்' கதையைத் தாமே இயக்கித் திரைக்குக் கொணர்ந்தார். படமுதலாளியின் வாசலில் வசனக் கூலிக்காகக் காத்துக்கிடக்க எழுத்தாளன் பிறக்கவில்லை என்று செயலால் காட்டினார். அவர் மறைந்து ஏழு வாரம் நிறைவதற்குள், மே 24ஆம் நாள், பிரான்சு நாட்டின் கான் நகரில் 'தீபன்' என்னும் படத்துக்குத் தங்கப்பனை விருது அறிவிக்கப்பட்டது. இயக்கியவர் ழாக் ஒதியார் என்னும் பிரெஞ்சுக்காரர். தலைமைப் பாத்திரம் ஏற்றவர் ஒரு தமிழ் எழுத்தாளர். உலகத் திரைவிழாக்களின் தலையாய பரிசை, பெரும்பகுதி தமிழிலேயே பேசும் படமொன்று பெற்றது.

அந்த எழுத்தாளரைப் பிரெஞ்சு மக்கள் அன்ரனிதாசன் யேசுதாசன் என்று அறிவர். தமிழ் வாசகர் ஷோபாசக்தி என்று அறிவர். அறிய வேண்டிய அளவுக்கு அறிந்திருக்கிறோமா என்பதே இன்று நாம் எழுப்ப விரும்பும் வினா.

யாழ்ப்பாண நகரத்தை அடுத்த தீவுப்பகுதியில் அல்லைப்பிட்டி என்னும் சிற்றூரில் 1967இல் பிறந்தவர் அவர். கத்தோலிக்கக் குடும்பம், நாட்டுக்கூத்து வேரோடியிருந்த ஊர். 1983 சூலைப் படுகொலைகளுக்குப்பின் ஆயிரக்கணக்கான ஈழத்துச் சிறுவர்கள் சென்ற வழியிலேயே அவரும் சென்று, பதின்ம வயதில் விடுதலைப் புலிகள் இயக்கத்தில் சேர்ந்தார். ஏறத்தாழ மூன்று ஆண்டுகளில், 1986இல், அதைவிட்டு வெளியேறினார். அரசுப்படைக்கு அவர் முன்னாள் புலி. புலிகளுக்கு அவர் விலகிப்போனவர். அக்கால ஈழத்தில் இவ்விரு பெயர்களையும் ஒருசேரச் சுமந்தவனுக்கு நிற்க நிழலில்லை. நாட்டைவிட்டு வெளியேறித் தாய்லாந்தில் அலைந்து, 1993இல் போலிக் கடவுச்சீட்டில் பிரான்சு சென்று அடைக்கலம் கேட்டார்.

பாரிசில் அவர் உணவகங்களில் பாத்திரம் கழுவினார், சமைத்தார், அங்காடிகளில் சரக்கு அடுக்கினார், தெருக்கூட்டினார். நாலாம் அகிலத்தைச் சார்ந்த இடதுசாரித் தோழர்களோடு சில ஆண்டுகள் அரசியலில் ஈடுபட்டார். வாசிப்பும் விவாதமும் அவ்வட்டத்தில் அவருக்கு வாய்த்தன. கட்சியையே கல்லூரியாகக் கொண்ட கடலூர்க்காரர் ஒருவரை அறிந்த நமக்கு இதில் வியப்பில்லை.

2001இல் அவருடைய முதல் நாவல் 'கொரில்லா' வெளிவந்தது. பிரான்சு அரசின் அகதிகள் அலுவலகத்துக்கு அடைக்கலம் வேண்டி எழுதப்படும் விண்ணப்பமாக அது தொடங்குகிறது. இந்த உத்தியின் கூர்மையை நாம் போதிய அளவு எண்ணிப் பார்க்கவில்லை. அடைக்கலம் கேட்பவன் தன் துயரத்தைப் படிவத்துக்குள் அடக்கியாக வேண்டும். எந்நாளில் எவ்வூரில் எவரால் அடிக்கப்பட்டான், வடு எங்கே, சான்று எங்கே என்ற வினாக்களுக்கு விடையளித்தாக வேண்டும். விடை நம்பும்படி அமைந்தால் வாழ்வு. அமையாவிட்டால் திருப்பியனுப்பும் ஆணை. ஆகவே அகதி என்பவன் கதை சொல்லியே உயிர் பிழைக்க வேண்டியவன். அவன் சொல்லும் மெய்யையும் பொய்யையும் அளந்து பார்க்க ஓர் அலுவலர் அமர்ந்திருக்கிறார். ஈழத்தின் மூன்று பத்தாண்டுத் துயரத்தை இந்த விண்ணப்ப மொழியில் எழுதத் துணிந்ததில்தான் ஷோபாசக்தியின் தனித்தன்மை இருக்கிறது. நாவல்தோறும் அடிக்குறிப்புகளும் ஆவண நடையும் கேலியும் கலந்துவருவது வெறும் சோதனை விருப்பத்தால் வந்ததன்று. சொல்வதை எவரும் எளிதில் நம்பாத ஒரு நிலையிலிருந்து எழுதுபவனின் நடை அது.

கொரில்லாவின் ரொக்கிராஜ் தந்தையின் கொடுமையிலிருந்து தப்பி இயக்கத்துக்குப் போகிறான்; அங்கும் கொடுமையையே காண்கிறான். தந்தையின் பட்டப்பெயர் மகனையும் விடாது தொடர்கிறது. 2004இல் வந்த 'ம்' இன்னும் கடுமையானது. 1983 சூலை 25, 27 ஆகிய இருநாள்களில் வெலிக்கடைச் சிறையில் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டதை நாம் ஆண்டுதோறும் நினைவுகூர்கிறோம். அக்கொலைக்களத்தைப் பின்புலமாகக் கொண்ட இந்நாவல், தப்பிப் பிழைத்த ஒருவனைத் தியாகியாக்க மறுக்கிறது. வதைக்கு ஆளானவன் பிறரைக் காட்டிக்கொடுக்கிறான். புகலிட நாட்டில் தன் வீட்டுக்குள்ளேயே இழிவின் அடியாழத்துக்குச் செல்கிறான். வாசிப்பவர் மனம் கூசும். கூசவேண்டும் என்றே எழுதப்பட்டது. பாதிக்கப்பட்டவன் என்பதாலேயே ஒருவன் தூயவன் ஆகிவிடான் என்னும் செய்தியை நம் மேடைகள் விரும்புவதில்லை.

'தேசத்துரோகி' என்று தம் சிறுகதைத் தொகுதி ஒன்றுக்குப் பெயரிட்டார். தம்மீது பிறர் எறிந்த சொல்லைத் தாமே எடுத்து முன்னட்டையில் பொறித்துக்கொண்டார். இறுதிப்போரின் அழிவைப் பேசும் 'பாக்ஸ் கதைப் புத்தகம்' 2015இலும், கிழக்கிலங்கையில் பிறந்து தற்கொலைப் போராளியாகிச் சிறையில் அடைபடும் ஆலா என்னும் பெண்ணைப் பற்றிய 'இச்சா' 2019இலும், புகலிட அலைச்சலை மையமாகக் கொண்ட 'ஸலாம் அலைக்' 2022இலும் வெளிவந்தன. இவற்றுள் 'ம்', 'இச்சா' ஆகிய இரண்டையும் அவருடைய மிகச் சிறந்த ஆக்கங்களாக நாம் கருதுகிறோம். சிறுகதைகளில் சில, சொல்லவந்த கருத்தின் வேகத்தால் கதைமாந்தரை நெருக்கிவிடுகின்றன என்பதையும் மறைக்க வேண்டியதில்லை.

'தீபன்' படத்துக்கு வருவோம். இறந்துபோன ஒருவனின் கடவுச்சீட்டை வைத்துக்கொண்டு, சிவதாசன் என்னும் முன்னாள் போராளி தீபனாகிறான். முகாமில் கண்டெடுத்த ஒரு பெண் மனைவியாகிறாள். தாயற்ற சிறுமி ஒருத்தி மகளாகிறாள். மூவரும் ஒரு குடும்பமாக நடித்துப் பிரான்சுக்குள் நுழைகின்றனர். பாரிசின் புறநகர் அடுக்ககம் ஒன்றில் தீபன் காவற்பணியாளன் ஆகிறான். போதைப்பொருள் கும்பல்களின் ஆட்சிக்குட்பட்ட அவ்விடத்தில் பழைய போர் அவனைத் தேடிவருகிறது. கதையில் ஏறத்தாழப் பாதி தம் வாழ்க்கை என்று நேர்காணல்களில் ஷோபாசக்தி கூறியிருக்கிறார். போலிக் கடவுச்சீட்டு, புகலிட நாட்டின் கீழ்நிலைப் பணி, விட்டுவந்த இயக்கத்தின் நிழல் ஆகியன அனைத்தும் அவர் பட்டறிந்தவை. தொழில்முறை நடிகர் ஒருவர் மாதக்கணக்கில் பயின்றாலும் கைவராத உடல்மொழி அவருக்கு இயல்பாக இருந்தது. கும்பலின் இளைஞர்கள் முன்னே குப்பைத்தொட்டியை உருட்டிச் செல்லும்போது அவர் பார்வை தரையில் இருக்கும்; முதுகு மட்டும் வளையாது. பிரான்சின் தேசியத் திரை விருதான சேசார் விருதின் சிறந்த நடிகர் பட்டியலில் 2016இல் அவர் பெயர் இடம்பெற்றது. உடன் நடித்த சென்னை நாடகக் கலைஞர் காளீஸ்வரி சீனிவாசனின் நடிப்பு அவருக்குச் சற்றும் குறைந்ததன்று. யாழினி என்னும் அப்பாத்திரம் படத்தின் உயிர்நாடி என்றே நாம் சொல்வோம். நம் ஏடுகள் அவரைப் பற்றி எழுதியது மிகக் குறைவு.

ஆனால் நடிகரின் வெற்றியையும் படத்தின் பார்வையையும் வேறுபடுத்திக் காணவேண்டும். இறுதியில் தீபன் தனியொருவனாக அடுக்ககத்துள் புகுந்து எதிரிகளை வீழ்த்துகிறான். அடுத்து இங்கிலாந்து, வெயில் விழும் பசும்புல்வெளி, வாடகைக்கார் ஓட்டும் கணவன், கைக்குழந்தை, நண்பர்கள். பிரெஞ்சுத் திறனாய்வாளர்களிலேயே சிலர் இம்முடிவைக் குறைகூறினர். புறநகர் ஏழை மக்களைப் போர்க்களக் கொடியவர்களாகக் காட்டியதையும் கண்டித்தனர். நாம் சொல்ல விரும்புவது வேறொன்று. ஷோபாசக்தி எழுதிய எந்தக் கதையும் இப்படி முடியாது. போர்க்களத்தில் பழகிய கை, காதலின் பொருட்டு மீண்டும் ஆயுதம் ஏந்தி, அதனால் ஈடேற்றம் பெறும் என்னும் கற்பனையை அவருடைய பக்கங்கள் ஒவ்வொன்றும் மறுக்கின்றன. ஒதியாரின் படத்துக்கு அவர் தம் முகத்தையும் நினைவுகளையும் ஈந்தார், முடிவு ஒதியாருடையது. உலகம் கண்டது அம்முடிவை. அம்முகத்துக்குரியவர் எழுதிய முடிவுகள் தமிழில் அச்சாகி, ஓராயிரம் ஈராயிரம் படிகளுக்குள் அடங்கிவிடும் நம் பதிப்புச் சூழலில் கிடக்கின்றன.

பிரெஞ்சு வாசகர் அந்த இடைவெளியைக் கடக்கத் தொடங்கியுள்ளனர் என்பது கருதத்தக்கது. திரைப்படத்துக்கு ஈராண்டுக்குப்பின், 2017இல், பிரெஞ்சு எழுத்தாளர் ஒருவரோடு இணைந்து அவர் தம் அகதி வாழ்வைக் கூறிய தன்வரலாறு பிரெஞ்சிலேயே வெளிவந்தது. 2018இல் பாரிசின் ஸுல்மா பதிப்பகம் அவருடைய சிறுகதைகளை 'ஃப்ரைடே எ ஃப்ரைடே' என்னும் தலைப்பில் மொழிபெயர்த்து வெளியிட்டது. 2022இல் அதே பதிப்பகம் 'இச்சா'வைப் பிரெஞ்சில் கொணர்ந்தது. முதலில் முகம், அதன்பின் வாழ்க்கை, அதன்பின் இலக்கியம் என்ற வரிசையில் அவர் பிரெஞ்சு மொழிக்குள் சென்றிருக்கிறார். புகழ்பெற்ற பதிப்பகம் ஒன்று மொழிபெயர்ப்புக்குச் செலவிட முன்வந்ததில் தங்கப்பனைக்குப் பங்கில்லை என்று எவரும் கூறமாட்டார். திரை வாசலைத் திறந்தது. உள்ளே சென்றது எழுத்து.

முப்பது ஆண்டுகளுக்கு மேலாகப் பாரிசில் வாழ்ந்தும் அவர் பிரெஞ்சு மொழியில் நாவல் எழுத முனையவில்லை. பாரிசில் எழுதி, யாழ்ப்பாணத்தைப் பேசி, சென்னையில் அச்சிடுகிறார். 'பாக்ஸ் கதைப் புத்தகம்', 'இச்சா' ஆகியவற்றை வெளியிட்டது சென்னையின் கருப்புப் பிரதிகள் பதிப்பகம். பிரெஞ்சு ஆட்சியின் அருகிலிருந்து தமிழில் எழுதுவது நம் கடலூர், புதுச்சேரிக் கரைக்குப் புதியதன்று. புதுச்சேரியின் பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்சின் துபாசியாக இருந்த ஆனந்தரங்கப் பிள்ளை பகலெல்லாம் பிரெஞ்சு அதிகாரிகளோடு உழன்று, தம் நாட்குறிப்பைத் தமிழில் எழுதினார். 1736 முதல் 1761 வரை நீளும் அந்நாட்குறிப்பில் நம் தேவனாம்பட்டினத்துச் செயின்ட் டேவிட் கோட்டையின் செய்திகள் பல இடம்பெறுகின்றன. 1690இல் ஆங்கிலேயக் கும்பினி மராட்டியரிடம் வாங்கிய கோட்டை அது; பீரங்கிக் குண்டு எவ்வளவு தொலைவு சென்று விழுந்ததோ அவ்வளவு நிலமும் கும்பினிக்கு என்பது ஒப்பந்தம். 1758இல் பிரெஞ்சுத் தளபதி லாலி அதைக் கைப்பற்றித் தகர்த்தார். வெள்ளையர் இருவர் போரிட்ட கரையில் நாம் யார் பக்கமும் இல்லாதவர்களாக வாழ்ந்திருக்கிறோம். ஈழத்தீவில் பிறந்த ஒருவர் இரு தரப்புத் துப்பாக்கிகளுக்கும் இடையே நின்று எழுதுவது நமக்கு விளங்காத பொருளாக இருக்கக்கூடாது.

பிரெஞ்சிலேயே எழுதும் தமிழ்வழியினரும் உளர். புதுச்சேரித் தந்தைக்கு மகனாய் மடகாசுகரில் பிறந்து, புதுச்சேரியில் வளர்ந்த ஆரி கோத்தியே அவருள் ஒருவர். 2018இல் வெளிவந்த அவருடைய 'லெ திண்ணை' நாவல், நமக்கு அரைமணிப் பயணத் தொலைவிலுள்ள ஒரு சமூகத்தை நமக்குத் தெரியாத மொழியில் பேசுகிறது. எதிர்த்திசையில், காம்யுவின் 'அந்நியன்' நாவலையும் செந்த்-எக்சுபெரியின் 'குட்டி இளவரசன்' கதையையும் பிரெஞ்சிலிருந்து நேரடியாகத் தமிழுக்குத் தந்த வெ. ஸ்ரீராமின் பணி அளவிடற்கரியது. பரிபாடலை 1968இல் பிரெஞ்சில் தந்த பிரான்சுவா குரோ, நவீன தமிழ்ச் சிறுகதைகளையும் அம்மொழிக்குக் கொண்டு சென்றார். இவர்கள் தனி மனிதர்கள். தனி மனிதர் ஓய்ந்தால் பணியும் ஓய்கிறது. பக்கத்துப் புதுச்சேரியிலேயே பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் 1955 முதல் இயங்க, தெற்கே சிதம்பரத்தில் 1929 முதல் அண்ணாமலைப் பல்கலைக்கழகம் இருக்க, பிரெஞ்சுக்கும் தமிழுக்கும் இடையிலான மொழிபெயர்ப்பாளர்களைப் பயிற்றுவிக்க இவ்விரண்டும் கைகோத்தால் என்ன என்று கேட்க நமக்கு உரிமையுண்டு.

தமிழ்நாடு ஷோபாசக்தியை நடத்திய முறை தனியே பேசத்தக்கது. தனுஷ்கோடி மீனவரின் துயரத்தைச் சொல்லும் 'செங்கடல்' படத்தை லீனா மணிமேகலை இயக்கினார். திரைக்கதையில் பங்கேற்று அதில் நடித்தவர் ஷோபாசக்தி. 'தீபன்' படத்துக்கு நான்காண்டுக்கு முன், 2011இல், இப்படத்துக்குத் தணிக்கைக் குழு சான்றளிக்க மறுத்தது. மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் சென்றே அனுமதி பெற நேர்ந்தது. இந்தக் கரையின் மீனவனை, இந்தக் கரைக்கு வந்த அகதியை இங்கேயே திரையில் காட்ட முட்டுக்கட்டை. கானில் பாராட்டு வந்ததும் தமிழன் வென்றான் என்ற முழக்கம். அம்முழக்கம் எழுப்பியோரில் எத்தனை பேர் 'ம்' நாவலை எடுத்துப் பார்த்தனர்? சிங்களப் பேரினவாதத்தைக் கண்டிக்கும் பக்கங்களை மட்டும் மேற்கோள் காட்டி, இயக்கத்தைக் கண்டிக்கும் பக்கங்களைத் தவிர்த்துவிடும் வழக்கம் ஒருபுறம். இயக்கத்தைக் கண்டித்தமைக்காகவே அவரைக் கொண்டாடி, அரசின் கொடுமையை மறந்துவிடும் வழக்கம் மறுபுறம். 2006 மே 13ஆம் நாள் அவர் பிறந்த அல்லைப்பிட்டியிலும் அண்டை ஊர்களிலும் குழந்தைகள் உட்பட 13 பொதுமக்கள் கொல்லப்பட்டனர். அவ்வூரின் மகனைப் பார்த்து, அவர் அரசுக்கு நல்லவர் என்று கூறுவது அறிவுடைமை ஆகாது. அவருடைய அரசியல் முடிவுகள் எல்லாவற்றோடும் நாம் உடன்படவில்லை. உடன்படுவதற்காக இலக்கியம் படிப்பதும் இல்லை.

இறுதியாக, நம் கடலூர் மாவட்டத்துக்குள்ளேயே இருக்கும் ஒரு செய்தி. குறிஞ்சிப்பாடியில் இலங்கைத் தமிழர் முகாம் உள்ளது. 2021இல் தமிழ்நாடு அரசு இத்தகைய முகாம்களுக்கு மறுவாழ்வு முகாம் என்று பெயர் மாற்றியது, வீடுகள் கட்டித் தரவும் முன்வந்தது, வரவேற்கிறோம். மாநிலமெங்கும் நூற்றுக்கும் மேற்பட்ட முகாம்களில் ஐம்பதாயிரத்துக்கும் மேற்பட்டோர் வாழ்கின்றனர். 1983இல் வந்தோரின் பேரப்பிள்ளைகள் இங்கேயே பிறந்து, இங்கேயே பள்ளி சென்று, கல்லூரியும் முடித்துவிட்டனர். குடியுரிமை மட்டும் அவர்களுக்கு இல்லை. 2019இல் நடுவண் அரசு கொண்டுவந்த குடியுரிமைத் திருத்தச் சட்டத்தில் இலங்கையிலிருந்து வந்தோர்க்கு இடம் தரப்படவில்லை. 1951ஆம் ஆண்டின் அகதிகள் உடன்படிக்கையில் இந்தியா கையெழுத்திடவும் இல்லை. பாரிசில் பாத்திரம் கழுவிய அகதி நாவலாசிரியராகி, நடிகராகி, அந்நாட்டின் தேசிய விருதுப் பட்டியலில் ஏறினார். குறிஞ்சிப்பாடியில் அதே திறமையோடு ஒரு பெண் இருந்தால் அவள் ஏறக்கூடிய பட்டியல் எது? அயல்நாட்டுப் பயணத்துக்கு ஒரு கடவுச்சீட்டும் அவள் பெறவியலாது. பிரான்சு அகதிகளுக்குச் சொர்க்கம் என்று நாம் கூறவில்லை. அவருடைய நூல்களே அதை மறுக்கும். ஆனால் விண்ணப்பம் செய்ய அங்கே ஓர் அலுவலகம் இருக்கிறது, மறுத்தால் முறையிட ஒரு மன்றம் இருக்கிறது. இங்கே சலுகைகள் உண்டு, சட்டம் இல்லை.

இந்திய நாடாளுமன்றம் அகதிகளுக்கென ஒரு சட்டம் இயற்ற வேண்டும். முகாம்களில் பிறந்தோர்க்குக் குடியுரிமை பெறும் வழியை அது வகுக்க வேண்டும். கடலூர், சிதம்பரம் நாடாளுமன்ற உறுப்பினர்கள் இருவரும் தம் தொகுதிகளின் பெயரால் இதை அவையில் எழுப்பக் கடமைப்பட்டவர்கள். அதற்குக் காலம் பிடிக்கலாம். மாவட்ட நூலக ஆணைக்குழு செய்யக்கூடிய ஒன்றுக்குக் காலம் பிடிக்காது: 'கொரில்லா' முதல் 'ஸலாம் அலைக்' வரை ஷோபாசக்தியின் நூல்கள் முழுவதையும் வாங்கி, ஒரு தொகுதியைக் கடலூர் மைய நூலகத்திலும் மற்றொன்றைக் குறிஞ்சிப்பாடியிலும் வைக்கவேண்டும். இவ்வாண்டு நூல் கொள்முதலிலேயே இதைச் செய்யுமாறு அக்குழுவைக் கேட்டுக்கொள்கிறோம்.